எந்த டெஸ்டுக்குக் கணக்குப் பார்க்கலாம், எதற்குப் பார்க்கக் கூடாது



கொஞ்சம் நீளமான பதிவு. வேலையாக இருப்பவர்கள் சேமித்து வைத்து ஞாயிற்றுக்கிழமை படியுங்கள். பாதி படித்துவிட்டு லைக் போடுகிறவர்கள் யார் யார் என்று எனக்குத் தெரியும். வகுப்பிலிருந்தே தெரியும்.

ஓய்வு பெற்ற பிறகு எனக்கு வரும் போன்களில் பாதி, ரத்தப் பரிசோதனை ரிப்போர்ட்டைப் படம் எடுத்து அனுப்பிவிட்டு "சார், இது என்ன சார்?" என்று கேட்கும் போன்கள்தான். விலங்கியல் வாத்தியார் என்றால் பாதி டாக்டர் என்று நம் பக்கத்தில் ஒரு நம்பிக்கை. நான் டாக்டர் இல்லை, மருந்து சொல்ல மாட்டேன். ரிப்போர்ட்டில் இருக்கும் சொல்லுக்கு என்ன அர்த்தம் என்று மட்டும் சொல்வேன். சர்க்கரை, கொழுப்பு, கிரியாட்டினின் எல்லாம் இப்போது எல்லோருக்கும் அத்துப்படி. சமீபமாக வருவது வேறு வகை. "சிடி19 பாசிட்டிவ், சிடி10 பாசிட்டிவ், சிடி34 பாசிட்டிவ், சிடி3 நெகட்டிவ்" என்று ஒரு பக்கம் முழுக்க ஓடும். கூடவே கோலப்புள்ளியைக் கொட்டிச் சிதறவிட்டது போல நாலைந்து படங்கள் இருக்கும்.

இந்த டெஸ்டின் பெயர் ஃப்ளோ சைட்டோமெட்ரி. இதைப் பற்றி எனக்கு அழுத்தமான கருத்து ஒன்று உண்டு. தேவைப்படும் இடத்தில் இதற்குக் கணக்குப் பார்க்கவே கூடாது. தேவையில்லாத இடத்தில் இதை யார் விற்க வந்தாலும் வாசலோடு அனுப்பிவிட வேண்டும். நம் ஆட்கள் இரண்டையும் தலைகீழாகச் செய்கிறார்கள். அதனால்தான் இந்தப் பதிவு.

நம் பழைய மாணவர் ஒருவர் லோடு வேன் ஓட்டுகிறார். பெயரும் ஊரும் வேண்டாம். அவர் சம்மதத்தோடுதான் எழுதுகிறேன். அவர் மகளுக்கு அப்போது 5 வயது. காய்ச்சல் வரும், போகும். ராத்திரியில் கால் வலிக்கிறது என்று அழுவாள். தொடையில் அடிபடாமலே நீல நீலமாகத் திட்டு. பக்கத்தில் ஒரு கிளினிக்கில் மூட்டு வாதம் என்று சொல்லி ஊசியும் மாத்திரையும் கொடுத்தார்கள். ஒரே வாரத்தில் பிள்ளை துள்ளி விளையாட ஆரம்பித்துவிட்டாள். மூன்று வாரத்தில் எல்லாம் இன்னும் மோசமாகத் திரும்பி வந்தது. மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் ரத்தத்தைக் கண்ணாடித் துண்டில் தடவிப் பார்த்தவுடனே ரத்தப் புற்றுநோய் என்று சந்தேகப்பட்டு எலும்பு மஜ்ஜை எடுத்தார்கள். அதோடு ஃப்ளோ சைட்டோமெட்ரிக்கு எழுதிக்கொடுத்தார்கள். வெளி லேபில் செய்ய வேண்டும், சில ஆயிரம் ரூபாய்.

ராத்திரி ஒன்பது மணிக்குப் போன். "சார், எங்க பெரியப்பா ஒத்துக்க மாட்டேங்கிறார் சார். கேன்சர்னு சொல்லியாச்சு, மருந்த ஆரம்பிக்கச் சொல்லு, எதுக்கு இன்னொரு டெஸ்டு, லேபுக்காரனுக்குக் கமிஷன்னு சொல்றார். எனக்கும் நியாயமாத்தான் சார் தெரியுது."

அந்தப் பெரியப்பாவை நான் குறை சொல்ல மாட்டேன். கமிஷனுக்கு டெஸ்ட் எழுதுகிற வழக்கம் இருக்கத்தான் செய்கிறது. வேறு பத்து டெஸ்டுக்கு அவர் அப்படிக் கேட்டிருந்தால் நானே கை தட்டியிருப்பேன். இந்த ஒன்றுக்குக் கேட்டதுதான் சிக்கல். "தம்பி, வந்திருக்கறது எந்த வகைன்னு தெரியாம எந்த மருந்தக் குடுப்பாங்க?" என்று கேட்டேன். மறுமுனையில் கொஞ்ச நேரம் பேச்சில்லை. பிறகு, "விளக்கமாச் சொல்லுங்க சார்" என்றார். அவருக்குச் சொன்னதைத்தான் உங்களுக்கும் சொல்லப் போகிறேன்.

பள்ளியில் காலைப் பிரேயரை நினைத்துக்கொள்ளுங்கள். மாடியிலிருந்து பார்த்தால் எல்லோரும் ஒரே சீருடை. எவன் பத்தாம் வகுப்பு, எவன் பிளஸ் ஒன் என்று உயரத்தை வைத்துக் கொஞ்சம் ஊகிக்கலாம், உறுதியாகச் சொல்ல முடியாது. நுண்ணோக்கியில் லிம்போசைட்டுகளைப் பார்ப்பதும் அப்படித்தான். பிராக்டிகலில் லீஷ்மன் சாயம் போட்டுப் பார்த்தோமே, ஞாபகம் இருக்கிறதா? பெரிய உருண்டை நியூக்ளியஸ், சுற்றிலும் மெல்லிய நீல விளிம்பு. பி செல்லும் அப்படித்தான் இருக்கும், டி செல்லும் அப்படித்தான் இருக்கும். எதிர்ப்பொருள் தயாரிக்கிற செல் எது, வைரஸ் பிடித்த செல்லை அழிக்கிற செல் எது என்று கண்ணால் பிரிக்க வழியில்லை.

வித்தியாசம் மேல்தோலில் இருக்கிறது. ஒவ்வொரு வகைச் செல்லும் தன் மேற்பரப்பில் சில புரதங்களைச் சட்டையில் குத்திய பேட்ஜ் மாதிரி நீட்டி வைத்திருக்கும். டி செல்லில் சிடி3 இருக்கும். பி செல்லில் சிடி19 இருக்கும். டி செல்களிலேயே உதவி செய்கிற வகையில் சிடி4, கொல்கிற வகையில் சிடி8. இந்த பேட்ஜ் கண்ணுக்குத் தெரியாது. ஆனால் அதை மட்டுமே தேடிப்போய் ஒட்டிக்கொள்கிற எதிர்ப்பொருள் ஒன்றைச் செய்து, அதன் வாலில் ஒளிரும் சாயம் ஒன்றைக் கட்டிவிட்டால்? பேங்க் கேஷியர் ரூபாய் நோட்டை ஊதா விளக்கடியில் காட்டுவாரே, சும்மா பார்த்தால் தெரியாத மை அங்கே பளிச்சென்று தெரியும். அதே சங்கதிதான். ஒரு நிற ஒளியை வாங்கி வேறு நிறத்தில் திருப்பிக் கொடுக்கும் சாயம். ஃப்ளோரசீன் என்ற சாயத்தில் நீல ஒளி பட்டால் பச்சையாக ஒளிரும். சிவப்புக் கடற்பாசியிலிருந்து எடுக்கிற ஃபைக்கோஎரித்ரின் ஆரஞ்சு நிறத்தில் ஒளிரும். கடற்பாசி வெயிலைப் பிடிக்க வைத்திருக்கும் நிறமியை எடுத்து ரத்தப் பரிசோதனைக்கு மாட்டியிருக்கிறான் மனிதன். இது வந்தது 1982இல். எனக்கு இந்த மாதிரி விஷயங்களைக் கேட்டால் இன்றைக்கும் வகுப்புக்குள் ஓடிப்போய்ச் சொல்ல வேண்டும் போல் இருக்கும்.

சாயம் ஒட்டிய செல்களை மெல்லிய நீரோட்டத்தில் ஒற்றை வரிசையாக ஓடவிட்டு லேசர் ஒளியைப் பாய்ச்சுகிறார்கள். ஒவ்வொரு செல்லும் கடக்கும்போது அது எவ்வளவு பெரியது, உள்ளே எவ்வளவு குருணை இருக்கிறது, எந்தெந்த நிறம் ஒளிர்ந்தது என்று கருவி குறித்துக்கொள்ளும். ஒரு வினாடியில் ஆயிரக்கணக்கான செல்கள் போய்விடும். ரிப்போர்ட்டில் இருக்கும் அந்தக் கோலப்புள்ளி ஒவ்வொன்றும் ஒரு செல். ஒரே மூலையில் புள்ளிகள் அப்பிக்கொண்டிருந்தால் ஒரே மாதிரி பேட்ஜ் போட்ட செல்கள் அங்கே கூட்டமாக இருக்கின்றன என்று பொருள்.

இன்னொரு விஷயத்தைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். இந்த ரிப்போர்ட்டில் "பாசிட்டிவ்" என்றால் நோய் என்று அர்த்தமில்லை. உங்கள் உடம்பில், என் உடம்பில் இருக்கும் ஒவ்வொரு பி செல்லும் சிடி19 பாசிட்டிவ்தான். கொரோனாவுக்குப் பிறகு பாசிட்டிவ் என்ற சொல்லே நம்மை நடுங்க வைக்கிறது. ஒரு அம்மா, மகன் ரிப்போர்ட்டில் பதினொரு பாசிட்டிவைப் பார்த்துவிட்டு பதினொரு வியாதி என்று அழுதார்கள். எந்தப் பேட்ஜ்கள் சேர்ந்து வருகின்றன, சேர்ந்து வரக் கூடாதவை சேர்ந்திருக்கின்றனவா, அப்படிப்பட்ட செல்கள் எத்தனை சதவீதம் என்பதை வைத்து நோயியல் மருத்துவர் முடிவு சொல்கிறார். சிடி10, சிடி19, சிடி34 மூன்றும் சேர்ந்த இளம் செல்கள் நல்ல எலும்பு மஜ்ஜையிலும் கொஞ்சம் இருக்கும். மஜ்ஜை முழுக்க அதே செல்கள் அடைத்துக்கொண்டிருந்தால்தான் கதை வேறு.

வேன் ஓட்டுநரின் பிள்ளைக்கு அதுதான். பி லிம்போ வகை. குழந்தைகளுக்கு வரும் ரத்தப் புற்றுநோயில் இதுவே அதிகம், நன்றாகக் குணமாகிற வகையும் இதுதான். வசதியான நாடுகளில் இந்த நோய் வந்த 10 குழந்தைகளில் ஏறக்குறைய 9 பேர் பிழைத்துக்கொள்கிறார்கள். நம் நாட்டில் அதைவிடக் குறைவு. பாதியில் சிகிச்சையை விட்டுவிடுவது அதற்கு ஒரு முக்கியக் காரணம். லிம்போ வகைக்கு வின்கிரிஸ்டின், ஸ்டீராய்டு, அஸ்பராஜினேஸ் என்று ஒரு வரிசை. மைலாய்டு வகை என்றால் சைட்டராபின், டோனோரூபிசின் என்று முற்றிலும் வேறு வரிசை. மாற்றிக் கொடுத்தால் நோய் போகாது, மருந்தின் கொடுமை மட்டும் மிஞ்சும். மைலாய்டிலேயே புரோமைலோசைட் வகை ஒன்று உண்டு. ரத்தப்போக்கில் திடீரென்று ஆளைக் கொண்டுபோய்விடும். அதற்கு வைட்டமின் ஏ சார்ந்த மாத்திரை இருக்கிறது, ஷாங்காயில் வாங் ஜென்யி என்ற மருத்துவர் 1980களில் கொண்டுவந்தது. அந்த வகை என்று சந்தேகம் வந்தாலே ரிப்போர்ட்டுக்குக் காத்திருக்காமல் மாத்திரையைத் தொடங்கிவிடுவார்கள். அதனால் டாக்டர் சில நேரம் டெஸ்ட் முடிவதற்கு முன்பே மருந்து கொடுத்தால் பதறாதீர்கள். அவருக்குக் காரணம் இருக்கும்.

முதல் மாதச் சிகிச்சை முடிந்ததும் அதே டெஸ்டை மறுபடி எழுதினார்கள். பெரியப்பா மறுபடி கொதித்தார். இந்தத் தடவை நம் ஆளே பதில் சொல்லிவிட்டார். நுண்ணோக்கியில் சுத்தமாகத் தெரிகிற மஜ்ஜையில்கூட நோய்ச் செல் ஒளிந்திருக்கலாம். ஃப்ளோ சைட்டோமெட்ரியால் 10,000 செல்லில் ஒன்று மிச்சம் இருந்தால்கூடப் பிடிக்க முடியும். அந்த எண்ணை வைத்துத்தான் மேற்கொண்டு மருந்தைக் கூட்டுவதா, இருக்கிறதே போதுமா என்று முடிவெடுக்கிறார்கள். பிள்ளைக்கு எதுவும் மிச்சமில்லை என்று வந்தது. இப்போது இரண்டாவது வருஷம், மாத்திரை ஓடுகிறது, முடியெல்லாம் வளர்ந்துவிட்டது. போன மாதம் வீட்டுக்கு வந்து என் மூக்குக்கண்ணாடியைப் போட்டுப் பார்த்துவிட்டுப் போனாள்.

இங்கே ஒரு கோபத்தையும் சொல்லிவிடுகிறேன். அந்த முதல் கிளினிக்கில் கொடுத்த ஊசியும் மாத்திரையும் ஸ்டீராய்டு. லிம்போ வகைப் புற்றுநோய்க்கு ஸ்டீராய்டு ஒரு மருந்துதான் என்று மேலே சொன்னேன் இல்லையா? அதைத் தனியாகக் கொஞ்ச நாள் கொடுத்தால் கெட்ட செல்கள் தற்காலிகமாகச் சுருங்கும், காய்ச்சல் போகும், வலி போகும், குணமானது போலவே இருக்கும். அந்த நேரத்தில் டெஸ்ட் எடுத்தால் நோய் சிக்காமலே போகலாம். பிறகு திரும்பி வரும்போது நாள்கள் போயிருக்கும். ஒரு குழந்தைக்குக் காரணம் தெரியாத காய்ச்சலும் எலும்பு வலியும் நீலத் திட்டும் சேர்ந்து இருக்கும்போது, ரத்த அணுக்களின் எண்ணிக்கையும் ஸ்மியரும் பார்க்காமல் ஸ்டீராய்டு கொடுப்பதை நான் எந்த நிலையிலும் ஏற்க மாட்டேன். அந்த இரண்டு டெஸ்டும் எந்தச் சின்ன ஊரிலும் கிடைக்கும், செலவும் கொஞ்சம்தான். பெற்றோர் நீங்கள் கேட்கலாம்: "இதுல ஸ்டீராய்டு இருக்கா டாக்டர்? பிளட் கவுண்ட் பாத்துட்டு ஆரம்பிக்கலாமா?" நல்ல டாக்டர் கோபப்பட மாட்டார்.

இதன் பழைய கதையைக் கொஞ்சம் சொல்லாவிட்டால் எனக்குத் தூக்கம் வராது. எதிர்ப்பொருளில் ஒளிரும் சாயத்தைக் கட்டலாம் என்று 1940களின் தொடக்கத்தில் செய்து காட்டியவர் ஹார்வர்டில் இருந்த ஆல்பர்ட் கூன்ஸ். ஆனால் அன்றைக்குக் கிடைத்த எதிர்ப்பொருள் எல்லாம் கலவைச் சரக்கு. முயலுக்கு ஊசி போட்டு ரத்தத்தை எடுத்தால் பல குறிகளைத் தேடும் பல எதிர்ப்பொருள்கள் அதில் கலந்திருக்கும். 1975இல் கேம்பிரிட்ஜில் செசார் மில்ஸ்டைன், கியார்க் கோலர் இருவரும் எதிர்ப்பொருள் செய்யும் எலிச் செல்லைச் சாகாத புற்றுச் செல் ஒன்றோடு இணைத்தார்கள். ஒரே எதிர்ப்பொருளை அச்சு அசலாக, வருஷக்கணக்கில் சுரக்கும் செல் கிடைத்தது. அந்த முறைக்குக் காப்புரிமை வாங்கப்படவில்லை. 1984இல் நீல்ஸ் யெர்னேயோடு சேர்த்து நோபல் பரிசு வாங்கினார்கள். செல்களை வரிசையாக ஓடவிட்டுப் பிரிக்கும் கருவியை ஸ்டான்ஃபோர்டில் லியோனார்ட் ஹெர்சன்பெர்க் குழு உருவாக்கியிருந்தது. கருவியும் எதிர்ப்பொருளும் சேர்ந்தபோது புதுத் தொல்லை ஒன்று வந்தது. ஒரே புரதத்துக்கு ஆளுக்கொரு பெயர். ஒருவர் ஓகேடி4 என்பார், இன்னொருவர் லியூ3 என்பார், மற்றவர் டி4 என்பார். ஒரே ஆளை வீட்டில் ஒரு பெயர், ரேஷன் கார்டில் ஒரு பெயர், மாற்றுச் சான்றிதழில் ஒரு பெயர் என்று கூப்பிடுகிற கதைதான். 1982இல் பாரீஸில் கூடி எல்லாவற்றுக்கும் சிடி என்று எண் போட்டார்கள். இன்றைக்கு அந்தப் பட்டியல் 350ஐத் தாண்டிவிட்டது. மனப்பாடம் செய்ய வேண்டாம், பரீட்சைக்கு வராது.

எய்ட்ஸ் என்ற நோயே இந்த டெஸ்ட் வழியாகத்தான் பிடிபட்டது என்று சொல்லலாம். 1981 ஜூன் 5 அன்று அமெரிக்க அரசின் வார அறிக்கையில், லாஸ் ஏஞ்சல்ஸில் 5 ஆண்களுக்கு வந்த அபூர்வ நிமோனியா பற்றி ஒரு குறிப்பு வெளியானது. எழுதியவர்களில் மைக்கேல் காட்லீப் என்ற இளம் மருத்துவர் ஒருவர். நல்ல வயதில் இருக்கும் ஆண்களுக்கு எப்படி இந்த நிமோனியா என்று அவர்கள் ரத்தத்தைப் புதிதாக வந்த எதிர்ப்பொருள்களால் பார்த்தபோது, உதவி செய்யும் டி செல்கள் மட்டும் ஏறக்குறைய துடைத்து எடுத்தது போல் காணாமல் போயிருந்தன. மூன்று வருஷம் கழித்து, அந்த வைரஸ் செல்லுக்குள் நுழைய சிடி4 புரதத்தையே வாசலாகப் பிடித்துக்கொள்கிறது என்று தெரிந்தது.

நம் ஊருக்கு அது வந்ததைக் கண்டுபிடித்தவர்கள் சென்னையில் டாக்டர் சுனிதி சாலமனும் அவரிடம் ஆய்வு செய்த செல்லப்பன் நிர்மலாவும். 1986. மாதிரிகளை வேலூர் சி.எம்.சி.க்குக் கொண்டுபோய்ச் சோதித்தார்கள். 2004 ஏப்ரலில் இலவச மருந்து தொடங்கியபோது தாம்பரம் அரசு மருத்துவமனை அந்த முதல் மையங்களில் ஒன்று. அன்றைக்கு சிடி4 எண்ணிக்கை 200க்குக் கீழே போனால்தான் பெரும்பாலோருக்கு மாத்திரை. அந்த வரிசையில் நின்றவர்களுக்கு "கவுண்ட்" என்ற சொல் தாய்மொழிச் சொல் மாதிரி. 210 என்று வந்தால் நிம்மதிப்படுவதா, மாத்திரை இல்லையே என்று வருத்தப்படுவதா என்று தெரியாமல் திரும்பிப் போவார்கள். 2017 முதல் நம் நாட்டில் கவுண்ட் எவ்வளவாக இருந்தாலும் தொற்று உறுதியானதுமே மாத்திரை. ரொம்ப நல்ல முடிவு. ஆனால் "எல்லோருக்கும்தான் மாத்திரை குடுக்கிறோமே, இனிமேல் கவுண்ட் எதற்கு" என்ற பேச்சும் கூடவே வருகிறது. அதை நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். இன்றைக்கும் தாமதமாக, எலும்பும் தோலுமாக வந்து சேருகிறவர்கள் இருக்கிறார்கள். 200க்குக் கீழே இருப்பவருக்குக் காசநோயும் மூளைக்காய்ச்சலும் ஒளிந்திருக்கிறதா என்று தேட வேண்டும். உலக சுகாதார நிறுவனமும் அதற்காகத்தான் தொடக்கத்தில் கவுண்ட் பார்க்கச் சொல்கிறது. மாத்திரை சாப்பிடும்போது வைரஸ் அளவைப் பார்ப்பது வேறு வேலை. ஒன்று இருக்கிறது என்று மற்றதை மூடக் கூடாது.

இன்னொரு இடத்தில் இந்த டெஸ்டை நம் ஆட்கள் தெரிந்துகொண்டே ஆக வேண்டும். சொந்தத்தில் கல்யாணம் நம்மிடையே சகஜம். தாய்மாமனை, அத்தை மகனைக் கட்டியவர்கள் இந்தப் பதிவைப் படிப்பவர்களிலேயே எத்தனை பேர்! யாரையும் குற்றம் சொல்லவில்லை, என் வீட்டிலும் உண்டு. அப்படிப்பட்ட குடும்பத்தில் ஒரு கைக்குழந்தை சில மாதத்திலேயே திரும்பத் திரும்ப நிமோனியா, நிற்காத வயிற்றுப்போக்கு, வாயில் போகாத வெள்ளைப் பூஞ்சை, எடை ஏறாமை என்று இருந்தால், அதற்கு முன் ஒரு குழந்தை காரணம் தெரியாமல் தவறியிருந்தால், "ராசி" என்றும் "சீர் தட்டிவிட்டது" என்றும் விட்டுவிடாதீர்கள். பிறவியிலேயே டி செல் இல்லாத குறைபாடாக இருக்கலாம். முதல் தடயம் சாதாரண ரத்த கவுண்டிலேயே இருக்கும். கைக்குழந்தைக்கு லிம்போசைட் பெரியவர்களைவிடக் கூடுதலாக இருக்க வேண்டும். குறைவாக இருந்தால் சிடி3, சிடி19, சிடி56 பார்க்கச் சொல்வார்கள். அந்தக் குழந்தைக்கு பிசிஜி போன்ற உயிருள்ள தடுப்பூசியே ஆபத்து. சீக்கிரம் கண்டுபிடித்தால் எலும்பு மஜ்ஜை மாற்றுச் சிகிச்சையால் காப்பாற்ற முடியும். முதல் சில மாதத்துக்குள் செய்தால் பலன் அதிகம்.

இனி மறுபக்கம். வேண்டாத இடத்தில் இதை விற்கிறவர்கள்.

சென்னையில் இருக்கும் உறவுக்காரப் பையன், ஐ.டி. வேலை. வருஷாந்திர செக்அப்பில் கூடுதல் காசு கொடுத்து "இம்யூனிட்டி புரொஃபைல்" எடுத்திருக்கிறான். டி செல் இத்தனை, பி செல் இத்தனை என்று பத்து எண். அதில் ஒன்று கட்டத்துக்கு வெளியே ஒரு புள்ளி போய்விட்டதாம், ராத்திரி முழுக்கத் தூங்கவில்லை. டேய் தம்பி, சிடி4 எண்ணிக்கை காலையில் குறைவாகவும் ராத்திரியில் கூடுதலாகவும் இருக்கும். சளி பிடித்தால் மாறும், மாடிப்படி ஓடி ஏறினால் மாறும். நோய் இல்லாதவனுக்கு இந்த எண்ணை வைத்துக்கொண்டு எந்த டாக்டராலும் எதுவும் செய்ய முடியாது. அதைக் காட்டி ஒரு பவுடரும் கஷாயமும் விற்க மட்டும் முடியும். அவனும் வாங்கியிருக்கிறான்.

அதைவிட எனக்கு வலிப்பது வேறு. உறவில் ஒரு பெண்ணுக்கு மூன்று முறை கரு தங்கவில்லை. ஒரு கருத்தரிப்பு மையத்தில் ரத்தத்தில் சிடி56 பார்த்து, "உங்க கொலைகார செல் அதிகமா இருக்கு, அதுதான் குழந்தைய அழிக்குது" என்று சொல்லியிருக்கிறார்கள். தன் உடம்பே தன் பிள்ளையைக் கொன்றது என்று நினைத்துக்கொண்டு அவள் எத்தனை நாள் சாப்பிடாமல் இருந்தாள் தெரியுமா? கொலைகார செல் என்பது வைரஸ் பிடித்த செல்லைக் கொல்வதால் வைத்த பெயர். கருப்பையில் இருக்கும் அந்தச் செல்கள் ரத்தத்தில் ஓடும் செல்களிலிருந்து வேறுபட்ட வகை. அவை நஞ்சுக்கொடிக்கு ரத்தக்குழாய் அமைய உதவுகின்றன. கையில் எடுத்த ரத்தத்தைப் பார்த்துக் கருப்பையில் நடப்பதைச் சொல்ல முடியாது. இந்த டெஸ்டை ஐரோப்பிய மனித இனப்பெருக்க மருத்துவச் சங்கத்தின் வழிகாட்டி பரிந்துரைக்கவில்லை. இதை வைத்து ஏற்றுகிற எண்ணெய் டிரிப்புக்கும் வலுவான ஆதாரம் இல்லை. தொடர்ந்து கரு கலைந்தால் பார்க்க வேண்டியவை தைராய்டு, கருப்பையின் அமைப்பு, ரத்தம் உறைவதைக் கூட்டும் ஆன்டிபாஸ்போலிபிட் எதிர்ப்பொருள். வேறு மருத்துவரிடம் போய் அவற்றைப் பார்க்கச் சொன்னேன். அவள் சொல்லித்தான் இதை எழுதுகிறேன், மற்ற பெண்களுக்கும் தெரியட்டும் என்றாள்.

ஆக அதே கருவி, அதே சாயம். வேன் ஓட்டுநரிடம் கமிஷன் என்று தட்டிவிடப் பார்த்தார்கள். ஐ.டி. பையனிடமும் அந்தப் பெண்ணிடமும் வாரி வாங்கிக்கொண்டார்கள். கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான், எந்த டெஸ்டுக்கும் பொருந்தும்: "இந்த ரிசல்ட் எப்படி வந்தா என்ன மருந்து மாறும் டாக்டர்?" ரத்தப் புற்றுநோயில் அதற்கு உடனே பதில் கிடைக்கும். சில இடத்தில் மழுப்பல்தான் கிடைக்கும்.

வயதானவர்களுக்கும் ஒரு வார்த்தை. என்னோடு வேலை பார்த்த ஒரு ஆசிரியருக்கு 71 வயது. வேறு எதற்கோ எடுத்த கவுண்டில் லிம்போசைட் ஏகமாகக் கூடியிருந்தது. ரத்தத்திலேயே ஃப்ளோ செய்து, சிடி5, சிடி19, சிடி23 சேர்ந்து வருகிறது, நாள்பட்ட லிம்போ வகை என்று சொல்லிவிட்டார்கள். எலும்பில் ஊசி குத்த வேண்டிய அவசியம் வரவில்லை. இந்த வகையில் பலருக்கு உடனே மருந்தே தேவைப்படாது, சும்மா கண்காணிப்பார்கள். அவர் காலையில் நடைப்பயிற்சிக்கு எனக்கு முன்னால் போய்க்கொண்டிருக்கிறார். கேன்சர் என்று சொல்லிவிட்டு மருந்து கொடுக்கவில்லையே என்று அவர் மகன்தான் மூன்று ஆஸ்பத்திரி அலைந்தான்.

அரசிடம் கேட்க எனக்கு இரண்டு விஷயம் உண்டு. இந்த டெஸ்டுக்குச் செல்கள் உயிரோடு போய்ச் சேர வேண்டும். ஒன்றிரண்டு நாளைத் தாண்டினால் கெட்டுவிடும், உறைய வைக்கவும் கூடாது. மாவட்டத்தில் எடுத்த மாதிரியை ஒரு அப்பன் மஞ்சள் பையில் வைத்துக்கொண்டு ராத்திரி பஸ்ஸில் பெரிய ஊருக்குக் கொண்டுபோகிற காட்சி இருக்கக் கூடாது. காசநோய்ச் சளி மாதிரியைத் தபால்காரர் மூலம் அனுப்பும் ஏற்பாட்டை நம் நாடு செய்து பார்த்திருக்கிறது. இதற்கும் ஒரு வண்டி, ஒரு நேரம், ஒரு பொறுப்பாளர் போதும். இரண்டாவது, ரிப்போர்ட்டின் கடைசியில் நான்கு வரி தமிழில் இருக்க வேண்டும். என்ன வகை, எத்தனை சதவீதம், அடுத்து யாரைப் பார்ப்பது. நோயியல் மருத்துவருக்கு அது இரண்டு நிமிட வேலை. ஸ்கேன் ரிப்போர்ட்டைக் கையில் வைத்துக்கொண்டு ஆஸ்பத்திரி வாசலில் படித்தவனைத் தேடுகிற சனத்தை நான் பார்த்துக்கொண்டே இருக்கிறேன்.

சிடி19 என்ற அதே பேட்ஜைக் குறிவைத்து நோயாளியின் டி செல்லையே பழக்கி அனுப்புகிற சிகிச்சை இப்போது நம் நாட்டிலேயே வந்துவிட்டது. ஐ.ஐ.டி. பம்பாயும் டாடா மெமோரியலும் சேர்ந்து உருவாக்கி, 2023 அக்டோபரில் அனுமதி கிடைத்தது. அதைப் பற்றித் தனியாக எழுதுகிறேன். இதிலேயே சேர்த்தால் நீங்கள் என்னை அன்ஃபாலோ செய்துவிடுவீர்கள்.

நம் பள்ளியில் படித்து நோயியல் மருத்துவர் ஆனவர்கள் இரண்டு பேர் இந்தப் பக்கத்தில் இருக்கிறீர்கள். சொல்ல விட்டுப்போனதைக் கமெண்டில் தமிழிலேயே எழுதுங்கள். மற்றவர்கள் ரிப்போர்ட்டைக் கமெண்டில் போடாதீர்கள், நோயாளி பெயரும் போன் நம்பரும் ஊருக்கே தெரியும். பெயர் இருக்கும் இடத்தை விரலால் மறைத்துப் படம் எடுத்து எனக்குத் தனியாக அனுப்புங்கள். மதியம் இரண்டிலிருந்து நான்கு வரை தூங்குவேன், அந்த நேரத்தில் மட்டும் வேண்டாம்.